தாயை விசாரிக்கும் பிள்ளைகள்: நான்கு நாவல்களில் குடும்பச் சிதைவும் பெற்றோர் – பிள்ளை உறவும்

முன்னுரை

குடும்பத்தின் சிதைவைப் பேசும் நாவல்கள் தமிழிலும் மலையாளத்திலும் ஏராளம். அவற்றை ஆராய்ந்தோர் பெரும்பாலும் கணவன் – மனைவி உறவையே மையமாகக் கொண்டுள்ளனர். கற்பு, பிறழ்வு, மறுமணம், பெண்ணின் தன்னுரிமை ஆகியனவே அவ்வாய்வுகளின் பொருளாக அமைந்தன. ஆனால் இந்நாவல்களுள் முதன்மையான சிலவற்றை நோக்கும்போது, கதை நிகழ்வது தம்பதியரிடையே அன்று, பெற்றவளுக்கும் பிள்ளைக்கும் இடையே என்பது புலனாகும். தாயின் செயலைக் கண்டறிந்து, எடைபோட்டு, தீர்ப்புக் கூற முனையும் பிள்ளையின் மனமே அங்குக் கதைக்களமாகிறது.

எம். டி. வாசுதேவன் நாயரின் ‘நாலுகெட்டு’ (1958), தி. ஜானகிராமனின் ‘அம்மா வந்தாள்’ (1966), நீல. பத்மநாபனின் ‘பள்ளிகொண்டபுரம்’ (1970), ஜெயகாந்தனின் ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ (1970) ஆகிய நான்கு நாவல்களை இந்நோக்கில் ஒப்பிட்டு ஆராய்வதாக இக்கட்டுரை அமைகிறது. முதலாவது மலையாள நாவல். மூன்றாவது திருவனந்தபுரத்தைக் களமாகக் கொண்டு தமிழில் எழுதப்பட்டது. ஏனைய இரண்டும் தமிழ்நாட்டுப் பிராமணக் குடும்பச் சூழலில் இயங்குவன. பன்னிரண்டு ஆண்டு இடைவெளிக்குள் வெளிவந்த இந்நான்கும் ஒரே வினாவை நான்கு விதமாக எழுப்புகின்றன. பெற்றோரை விசாரிக்கும் உரிமை பிள்ளைக்கு எங்கிருந்து வருகிறது என்பதே அவ்வினா.

மரபின் இரு மாதிரிகள்

பிள்ளையைப் பெற்றோரிடையே நிறுத்திப் பார்க்கும் வழக்கம் தமிழிலக்கியத்திற்குப் புதியதன்று. சங்க அகப்பாடல்களின் மருதத்திணையில், பரத்தையிற் பிரிந்த தலைவனுக்கும் ஊடிய தலைவிக்கும் இடையில் புதல்வன் வருகிறான். அகநானூற்றின் 16ஆம் பாடலில் தெருவில் விளையாடும் மகனைப் பரத்தை ஒருத்தி கண்டு அணைத்துக்கொள்வதும், அதனைத் தலைவி காண்பதும் பேசப்படுகின்றன. கலித்தொகையின் மருதக்கலிப் பாடல்கள் சிலவற்றிலும் புதல்வன் இவ்வாறே இடம்பெறுகிறான். இங்கெல்லாம் தவறு தந்தையுடையது. மகன் அதனை அறியாதவன். அவன் இருப்பே ஊடல் தணிவதற்கு வழியாகிறது. தொல்காப்பியக் கற்பியலில் வாயில்களாக எண்ணப்படுவோருள் அவன் பெயர் இல்லையெனினும், செயலளவில் அவனும் ஒரு வாயிலே. அவன் நீதிபதியாவதில்லை.

இதற்கு நேர்மாறான மாதிரி புராணத்தில் உள்ளது. சமதக்கினி முனிவர் தம் மனைவி இரேணுகையின் மனம் ஒரு கணம் பிறழ்ந்ததை அறிந்து, அவளை வெட்டுமாறு மக்களுக்கு ஆணையிடுகிறார். பரசுராமன் தந்தை சொல்லை நிறைவேற்றுகிறான். பின்னர்த் தந்தையளித்த வரத்தால் தாயை உயிர்ப்பித்துக்கொள்கிறான். இக்கதை தமிழ்நாட்டில் மாரியம்மன் வழிபாட்டோடு இணைந்து வழங்குகிறது. கேரள நிலமே பரசுராமன் வீசிய மழுவால் கடலிலிருந்து எழுந்தது என்னும் ஐதிகமும் உண்டு. குற்றம் சாட்டுபவன் தந்தை, தண்டனையை நிறைவேற்றுபவன் மகன், குற்றவாளி தாய் என்னும் மூவர் அமைப்பு இக்கதையில் முழுமையாக உள்ளது. தாய்க்கு அதில் பேச்சு இல்லை.

மேற்கண்ட நான்கு நாவல்களும் புதல்வனாகிய வாயிலைக் கைவிட்டு, மழுவேந்திய மகனின் கதையை எடுத்துக்கொண்டவை எனலாம். எனினும் எடுத்துக்கொண்ட கதையை எதுவும் முடித்துவைக்கவில்லை. மூவர் அமைப்பின் ஏதேனும் ஓர் உறுப்பு ஒவ்வொன்றிலும் செயலற்றுப் போகிறது. எவ்வுறுப்பு, எக்காரணத்தால் என்பதைக் காண்பதே இவற்றைப் புரிந்துகொள்ளும் வழியாகும்.

நாலுகெட்டு: தந்தையற்ற விசாரணை

‘நாலுகெட்டு’ நாவலின் அப்புண்ணி தந்தையை அறியாதவன். பகடையாட்டத்தில் பெயர்பெற்ற கோந்துண்ணி நாயரை வீட்டாரின் விருப்பத்துக்கு மாறாக மணந்தவள் அவன் தாய் பாருக்குட்டி. அதனால் வடக்கேப்பாட்டுத் தறவாட்டிலிருந்து அவள் விலக்கப்பட்டாள். கோந்துண்ணி நாயர் நஞ்சூட்டப்பட்டு இறந்ததாகவும், அதைச் செய்தவன் செய்தாலிக்குட்டி என்றும் ஊர் பேசுகிறது. பாருக்குட்டி ஒரு நம்பூதிரி இல்லத்தில் வேலை செய்து மகனை வளர்க்கிறாள். அவளுக்கு உதவும் சங்கரன் நாயரோடு அவளை இணைத்து ஊர் பழி பேசும்போது, மகன் அப்பழியை விசாரிப்பதில்லை, நம்பிவிடுகிறான். தாயை வெறுத்து வெளியேறித் தறவாட்டுக்குள் நுழைகிறான்.

இங்கு மருமக்கள்தாய முறையை மனத்திற்கொள்ளுதல் இன்றியமையாதது. அம்முறையில் சொத்தும் குடிவழியும் தாய்வழியே இறங்கும். குடும்பத்தின் ஆட்சியோ தாய்மாமனாகிய காரணவரிடம் இருக்கும். அப்புண்ணி தறவாட்டில் கோரும் உரிமை தாயின் மகன் என்பதால் மட்டுமே அவனுக்கு வாய்ப்பது. ஆனால் அவ்வீட்டினுள் அவன் நுழைவதோ தாயைக் கைவிட்டுவிட்டு. தான் நிற்கும் தரையையே மறுத்துக்கொண்டு நிற்கும் இந்நிலைதான் அவன் சினத்தின் அடியிலுள்ள முரண். காரணவர் பாருக்குட்டியைத் தண்டித்தார். மகன் அத்தண்டனையைத் தன்னையறியாமல் இரண்டாம் முறையும் நிறைவேற்றுகிறான். சமதக்கினியின் இடத்தில் இங்குத் தந்தை இல்லை, தறவாடு இருக்கிறது.

நாவலின் திருப்பம் இரு உறவுகளில் நிகழ்கிறது. தந்தையைக் கொன்றவனாகக் கருதப்படும் செய்தாலிக்குட்டியே அப்புண்ணிக்கு வயநாட்டுத் தோட்டத்தில் வேலை கிடைக்க உதவுகிறான். சிறுவயதில் பழிவாங்கக் காத்திருந்தவன் அவனுடைய கையைப் பற்றிக்கொள்ள நேர்கிறது. மறுபுறம், வெள்ளப் பெருக்கில் தனித்துக் கிடந்த தாயைக் காத்தவன் அதே சங்கரன் நாயர். மகன் விட்டுச்சென்ற இடத்தில் நின்றவனும் அவனே. பொருளீட்டித் திரும்பும் அப்புண்ணி நாலுகெட்டை விலைக்கு வாங்கித் தாயையும் சங்கரன் நாயரையும் அங்கு அழைத்துவருகிறான். பின்னர் அவ்வீட்டை இடித்துக் காற்றும் வெளிச்சமும் வரும் சிறுவீடு கட்ட வேண்டும் என்கிறான். இதனை நிலவுடைமையின் வீழ்ச்சிக்குரிய குறியீடாகக் காண்பது வழக்கம். அது பிழையன்று, ஆயினும் முழுமையுமன்று. தாயைக் குற்றவாளியாக்கிய மன்றம் அவ்வீடுதான். தாய்க்கு மன்னிப்பு வழங்கி அவ்வீட்டில் குடியிருத்துவது மன்றத்தின் அதிகாரத்தை ஏற்பதாகவே முடியும். ஆகவே மகன் மன்னிப்பதோடு நின்றுவிடாமல் வீட்டையே இடிக்க நினைக்கிறான்.

அம்மா வந்தாள்: பரிகாரமான மகன்

‘அம்மா வந்தாள்’ வெளிவந்த காலத்தில் கடும் கண்டனத்திற்கு உள்ளானது. கண்டித்தோரும் பாராட்டியோரும் அலங்காரத்தம்மாளின் மணவுறவு கடந்த வாழ்வையே நாவலின் பொருளாகக் கொண்டனர். எம். கிருஷ்ணன் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பின் தலைப்பும் ‘அப்புவின் அம்மாவின் பாவங்கள்’ எனப் பொருள்படுவதாகும். மூலத்தின் தலைப்பில் பாவம் என்னும் சொல் இல்லை. அம்மா வந்தாள் என்பது ஒரு வருகையை மட்டுமே அறிவிக்கும் எளிய தொடர். மொழிபெயர்ப்பின் தலைப்பு, நாவல் இறுதிவரை வழங்க மறுத்த தீர்ப்பை அட்டையிலேயே வழங்கிவிடுகிறது. இவ்வேறுபாடு நாவலை வாசித்த முறைக்கே சான்றாகிறது.

காவிரிக் கரையில் பவானியம்மாள் நடத்தும் வேதபாடசாலையில் அப்பு நெடுங்காலம் பயில்கிறான். பிள்ளைகளுள் அவனை மட்டும் தாய் அங்கு அனுப்பியதற்குக் காரணம் உண்டு. வேதம் கற்று ஒளிபெற்ற மகனின் முன்னிலையில் தன் பாவம் எரிந்துபோகும் என்பது அவள் நம்பிக்கை. இதனைக் கூர்ந்து நோக்கினால், அலங்காரம் அப்புவுக்கு இழைத்த அநீதி சிவசுவோடு அவள் கொண்ட உறவில் இல்லை என்பது விளங்கும். மகனைத் தன் பரிகாரமாக ஆக்கியதே அவ்வநீதி. அவன் இளமை, கல்வி, துறவு நோக்கிய வாழ்வு அனைத்தும் அவன் அறியாத ஒரு கணக்கைத் தீர்ப்பதற்காக ஒதுக்கப்பட்டவை. பெற்றோர் தம் குறையைப் பிள்ளையின் வாழ்வைக்கொண்டு நிரப்ப முயலும் இந்நிலை, பிறழ்வு குறித்த விவாதத்தில் மறைந்துபோயிற்று.

பாடசாலையில் வாழும் இளம் விதவை இந்து தன் அன்பை வெளிப்படுத்தும்போது அப்பு மறுக்கிறான். அம்மறுப்பில் தாயின் பெயர் இழுபடுகிறது. இந்துவின் வாயிலிருந்துதான் தாயைப் பற்றிய உண்மை அவனுக்கு முதலில் எட்டுகிறது. சென்னை வந்து கண்ணால் கண்ட பின்னர் அவன் எதிர்கொள்ளும் பெரும்புதிர் தாயன்று, தந்தையே. அச்சுப்பிழை திருத்துவதும் சோதிடம் பார்ப்பதும் தண்டபாணியின் பணிகள். பிறர் எழுத்திலுள்ள பிழையைத் திருத்தியும், பிறர் வாழ்வின் போக்கைக் கணித்தும் பிழைக்கும் அவர் தம் வீட்டில் நிகழ்வதை அறிந்தும் வாய்திறப்பதில்லை. அவர் ஆணையிடாத சமதக்கினி. தந்தை குற்றம் சாட்டாத நிலையில் மகனின் கையில் மழு பொருளற்றுப் போகிறது.

பாடசாலைக்குத் திரும்பும் அப்பு இந்துவை ஏற்கும் நிலைக்கு வருகிறான். மகனைத் தேடி அம்மா வருகிறாள். பாவத்தை எரிக்கும் நெருப்பாக அவள் வளர்த்த மகன், சாத்திரம் விலக்கும் ஓர் உறவில் நிற்பதைக் காண்கிறாள். பின்னர்க் காசிக்குப் புறப்படுகிறாள். இம்முடிவைத் தாயின் தோல்வியாகவோ அவளுக்கு நேர்ந்த தண்டனையாகவோ கொள்ள வேண்டியதில்லை. மகன்மேல் ஏற்றப்பட்டிருந்த பரிகாரச் சுமை இப்போதுதான் அதற்கு உரியவளிடம் திரும்புகிறது. இந்துவை ஏற்பதன் மூலம் அப்பு தூய்மையின் இடத்திலிருந்து இறங்குகிறான். இறங்கியவுடன் தாயை விசாரிக்கும் தகுதியை இழக்கிறான். அவ்விழப்பே அவனுக்கு விடுதலையாகிறது.

பள்ளிகொண்டபுரம்: தந்தை தொடுத்த வழக்கு

திருவனந்தபுரத்தில் பிறந்து வாழ்ந்து எழுதிய நீல. பத்மநாபனின் ‘பள்ளிகொண்டபுரம்’ மேற்கண்ட இரண்டினின்றும் கோணத்தில் வேறுபட்டது. இங்கு மனத்தைத் திறந்து காட்டுபவர் தந்தை. ஐம்பதாம் பிறந்தநாளில் அனந்தன் நாயர் பத்மநாபசுவாமி கோயிலில் தொடங்கி நகரெங்கும் அலைகிறார். ஒவ்வொரு தெருவும் ஒரு நினைவைக் கிளறுகிறது. மனைவி கார்த்தியாயினி தம்மை விட்டு விக்கிரமன் தம்பியோடு சென்றதும், மகன் பிரபாகரன் நாயரையும் மகள் மாதவிக்குட்டியையும் தாம் தனித்து வளர்த்ததும் அவர் நினைவில் மீண்டும் மீண்டும் எழுகின்றன.

இந்நினைவோட்டம் வெறும் புலம்பலன்று, ஒரு வழக்குரை. ஒவ்வொரு நிகழ்ச்சியும் கார்த்தியாயினிக்கு எதிரான சான்றாக அடுக்கப்படுகிறது. வழக்கின் பயன் பிள்ளைகளிடம் கிடைக்கும் என அவர் நம்புகிறார். வளர்த்த உழைப்புக்குக் கூலியாக அவர் எதிர்பார்ப்பது, தாயை அவர்களும் வெறுக்க வேண்டும் என்பதே. தந்தையன்பு இங்கு ஐயத்துக்கு இடமின்றி உண்மையானது. ஆயினும் அவ்வன்பினுள் ஒரு நிபந்தனை ஒளிந்திருப்பதை நாவல் மெல்ல மெல்லப் புலப்படுத்துகிறது. மகன் தாயின் பக்கத்து நியாயத்தைப் பேசும்போது, வாழ்நாள் முழுதும் கட்டிவைத்த வழக்கு சரிகிறது. சமதக்கினி ஆணையிட்டார், பரசுராமன் மறுத்துவிட்டான்.

சமூக வரலாற்றுப் பின்புலம் இவ்வாசிப்புக்கு வலுச்சேர்க்கும். பழைய நாயர் குடும்ப முறையில் சம்பந்த உறவு முறிவது பெரும்பழியாகக் கருதப்படவில்லை. பிள்ளைகள் தாய்வீட்டுக்கு உரியவர்கள். திருவிதாங்கூரில் 1925ஆம் ஆண்டின் நாயர் சட்டம் தறவாட்டுச் சொத்தைப் பிரித்துக்கொள்ள வழிசெய்தது. தந்தையும் தாயும் மக்களும் கொண்ட சிறுகுடும்பம் வலுப்பெற்றது. கேரளக் கூட்டுக் குடும்ப முறையை ஒழிக்கும் சட்டம் 1975இல் இயற்றப்பட்டது. இவ்விரு சட்டங்களுக்கும் இடைப்பட்ட காலத்து மனிதர் அனந்தன் நாயர். மனைவி தமக்கே உரியவள், பிள்ளைகள் தம் வழியினர் என்னும் அவர் உணர்வு தொன்மையானதாக அவருக்குத் தோன்றினும், அவருடைய சமூகத்தில் அது புதியது. ‘நாலுகெட்டு’ தாய்வழித் தறவாட்டின் கொடுமையைக் காட்டிற்று. ‘பள்ளிகொண்டபுரம்’ அதனிடத்தில் வந்த தந்தைவழிச் சிறுகுடும்பத்தின் கொடுமையைக் காட்டுகிறது. இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் படிக்கும்போதுதான் சிக்கல் ஏதேனும் ஒரு குடும்ப முறையில் மட்டும் இல்லை என்பது தெளிவாகும்.

தலைப்பும் கருதத்தக்கது. அனந்தன் என்பது இறைவன் பள்ளிகொண்ட பாம்பின் பெயர். இறைவன் துயிலும் நகரில், அவன் பாரத்தைத் தாங்கும் பாம்பின் பெயரைக்கொண்ட மனிதர் தம் பாரத்தைச் சுமந்து திரிகிறார். முறையிட வேண்டிய மன்றத்தில் நீதிபதி உறங்குகிறான் என்னும் குறிப்பு இப்பெயரமைப்பில் உள்ளது.

சில நேரங்களில் சில மனிதர்கள்: மகள் வைக்கும் வினா

முதல் மூன்று நாவல்களிலும் விசாரணை மகனையோ தந்தையையோ சார்ந்தது. ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ நாவலில் மகள் முன்வருகிறாள். குற்றத்தின் தன்மையும் மாறுகிறது. 1966இல் ஆனந்த விகடனில் வெளியான ‘அக்கினிப் பிரவேசம்’ சிறுகதையில், மழைநாளில் காரில் ஏற்றிச் செல்லப்பட்டுக் கெடுக்கப்பட்ட மகளின் தலையில் தாய் நீரூற்றி, அவள் தூயவளே என ஏற்கிறாள். அக்கதை எழுப்பிய எதிர்ப்புக்குப் பின் ஜெயகாந்தன் எழுதிய இந்நாவலில் தாய் கனகம் வேறுவிதமாக நடந்தவள். அவள் கூவி அழுததால் செய்தி வெளிப்பட்டது. அண்ணன் கணேசன் தங்கையை வீட்டைவிட்டு விரட்டினான். கங்கை வெங்கு மாமாவின் ஆதரவில் படிக்க நேர்ந்தது. உதவிய கையே அவளை இழிவாக நோக்கும் கையாகவும் இருந்தது.

நாவலுக்குள் ஆர்.கே.வி. என்னும் எழுத்தாளரின் கதையாக ‘அக்கினிப் பிரவேசம்’ இடம்பெறுகிறது. கங்கையும் படிக்கிறாள், கனகமும் படிக்கிறாள். ஒரு தாய் எவ்வாறு நடந்திருக்கலாம் என்பதைக் கற்பனைத் தாயொருத்தி உண்மைத் தாய்க்குக் காட்டுகிறாள். தமிழ் நாவலில் பெற்றோர் – பிள்ளை உறவு இத்தகைய விசாரணைக்கு உட்பட்டது அரிது. குற்றச்சாட்டு எவர் வாயிலிருந்தும் வரவில்லை. அச்சிட்ட தாளொன்று அப்பணியைச் செய்கிறது.

மற்ற மூன்று நாவல்களிலும் தாயின் உடல்சார்ந்த செயல் குற்றமாக எண்ணப்படுகிறது. இங்குத் தாயின் குற்றம் ஒரு கூக்குரல். ஊருக்கு அஞ்சிய அச்சம். மகளுக்கு நேர்ந்ததைக் காட்டிலும் அதனைப் பிறர் அறிவது பெரிதாகிவிட்ட கணம் அது. ஏறத்தாழ இதே காலத்தில் அம்பை எழுதிய ‘அம்மா ஒரு கொலை செய்தாள்’ சிறுகதையிலும் தாயின் குற்றம் ஒரு சொல்லே. மகன்கள் தாயின் கற்பை விசாரிக்க, மகள்கள் தாயின் கருணையை விசாரிக்கின்றனர் என்னும் வேறுபாடு இதனால் பெறப்படும். மகள் கேட்பது, நீ ஏன் அவ்வாறு வாழ்ந்தாய் என்பதன்று. எனக்குத் தேவைப்பட்டபோது நீ ஏன் என் பக்கம் நிற்கவில்லை என்பதே.

கங்கை இவ்வினாவோடு நின்றுவிடுவதில்லை. தன்னைக் கெடுத்தவனாகிய பிரபுவைத் தேடிக் கண்டபின், அவன் மகள் மஞ்சுவிடம் அவள் காட்டும் அக்கறை குறிப்பிடத்தக்கது. தனக்குக் கிடைக்காத தாய்மையை, தன் வாழ்வைச் சிதைத்தவனின் மகளுக்கு வழங்க முனைகிறாள். தாயை விசாரித்த மகள் தாயின் இடத்தில் தானே நின்று பார்க்கும் இப்பகுதி, நாவலைப் பற்றிய விவாதங்களில் உரிய கவனம் பெறவில்லை.

ஒப்பீடு

நான்கு நாவல்களையும் ஒருங்கு நோக்கும்போது மூன்று செய்திகள் வெளிப்படுகின்றன.

முதலாவது, தந்தையின் நிலை. கோந்துண்ணி நாயர் இறந்தவர், தண்டபாணி பேசாதவர், அனந்தன் நாயர் பேசிக்கொண்டே இருப்பவர், கங்கையின் வீட்டில் தந்தையின் அதிகாரத்தை அண்ணனும் மாமாவும் பங்கிட்டுக்கொள்கின்றனர். இறந்த தந்தைக்காகச் சினங்கொள்வது மகனுக்கு எளிதாக இருக்கிறது. பேசாத தந்தை மகனைக் குழப்புகிறார். பேசும் தந்தை மகனை இழக்கிறார்.

இரண்டாவது, விசாரணையின் முடிவு. எந்நாவலிலும் தீர்ப்பு வழங்கப்படவில்லை. அப்புண்ணி வீட்டை இடிக்க நினைக்கிறான். அப்பு தன் தகுதியைத் துறக்கிறான். பிரபாகரன் நாயர் ஆணையை மறுக்கிறான். கங்கை தாயின் இடத்தை ஏற்றுப் பார்க்கிறாள். இதனை மன்னிப்பு என்று கூறுதல் பொருந்தாது. மன்னிப்பவன் மேலிடத்தில் இருக்க வேண்டும். இப்பிள்ளைகள் மேலிடத்திலிருந்து இறங்குகின்றனர்.

மூன்றாவது, இந்நாவல்களின் எல்லை. முதல் மூன்றிலும் தாயின் அகம் நமக்கு முழுமையாகத் திறக்கப்படவில்லை. பாருக்குட்டியை அப்புண்ணியின் சினத்தின் வழியும், அலங்காரத்தை அப்புவின் திகைப்பின் வழியும், கார்த்தியாயினியை அனந்தன் நாயரின் காயத்தின் வழியும் காண்கிறோம். தீர்ப்பை மறுத்த படைப்பாளர்களும் தாய்க்கு வாக்குமூலம் அளிக்கும் இடத்தைக் குறைவாகவே தந்தனர். இரேணுகை இம்முறை வெட்டப்படவில்லை. ஆனால் அவள் குரலும் போதிய அளவு கேட்கப்படவில்லை. கங்கையின் குரல் தன்மைக்கூற்றாகவே ஒலிப்பினும் அது மகளின் குரல், கனகத்தினுடையதன்று.

முடிவுரை

குடும்பச் சிதைவைப் பேசும் நாவல்களை ஒழுக்கப் பிறழ்வின் கதைகளாக மட்டும் வாசிக்கும் முறை, திறனாய்வாளரையும் மழுவேந்தியவராக்கி விடுகிறது. அலங்காரம் குற்றவாளியா, கார்த்தியாயினி செய்தது சரியா என்னும் வினாக்கள் வகுப்பறைகளிலும் தேர்வுத் தாள்களிலும் நெடுங்காலம் கேட்கப்பட்டுவந்தன. அவ்வினாக்களுக்கு விடை காண்பது இந்நாவல்களின் நோக்கமாகத் தெரியவில்லை. பெற்றோரின் வாழ்வு பிள்ளைக்காக மட்டும் வாழப்பட்டதன்று என்பதையும், பிள்ளையின் வாழ்வு பெற்றோரின் கணக்கைத் தீர்ப்பதற்கு ஏற்பட்டதன்று என்பதையும் இவை ஒருசேர உணர்த்துகின்றன. இவ்விரண்டனுள் ஒன்றை மட்டும் ஏற்பது எளிது. இரண்டையும் ஏற்பதற்கு அப்புண்ணிக்கு ஒரு வீட்டையும், அப்புவுக்கு ஒரு வேதத்தையும், அனந்தன் நாயருக்குத் தம் வாழ்நாள் வழக்கையும் விலையாகக் கொடுக்க வேண்டியிருந்தது.

சங்க மருதத்தின் புதல்வன் எதையும் அறியாமல் பெற்றோரை இணைத்தான். இந்நாவல்களின் பிள்ளைகள் எல்லாம் அறிந்தவர்கள். எவரையும் இணைக்க இயலாதவர்கள். அறிந்த பின்னும் வெட்டாமல் நிற்பது ஒன்றே அவர்களுக்குக் கைவந்திருக்கிறது. தாயின் குரலிலேயே இக்கதைகளை மீண்டும் கேட்கும் முயற்சி, இவற்றுக்குப் பின் எழுதவந்த பெண்படைப்பாளர்களின் ஆக்கங்களோடு இணைத்து விரிவாக ஆராயத்தக்கது.